படத்துக்குப் பாட்டா, பாட்டுக்குப் படமா?

கேள்வி: பள்ளிப் பிள்ளைகளுக்கு அனிமேஷன் வரையக் கற்றுத்தருகிறேன். படம் முடிந்தபின் பாட்டைச் சேர்த்தால் தொடக்கத்தில் ஒட்டுகிறது, போகப்போக விலகிவிடுகிறது. கணினி இல்லாத காலத்து அமெரிக்கக் கார்ட்டூன்களில் இதை எப்படிச் சரிக்கட்டினார்கள்?

பதில்: வரைவதற்கு முன்பே தாளக் கணக்கைப் போட்டுவிட்டார்கள். ஃப்ளெய்ஷர் சகோதரர்கள் 1920களின் நடுவிலேயே ஒலியுள்ள கார்ட்டூன்களை எடுத்தார்கள் என்றாலும், உங்கள் சிக்கலுக்கு விடை ‘ஸ்டீம்போட் வில்லி’ என்ற மிக்கி மவுஸ் கார்ட்டூனில்தான் இருக்கிறது. 1928-இல் வால்ட் டிஸ்னியிடம் வேலை பார்த்த வில்ஃபிரட் ஜாக்சன், சீரான இடைவெளியில் தட்டித் தாளம் காட்டும் மெட்ரோனோம் என்ற கருவியைக் கொண்டுவந்தார். அவருடைய தாயார் இசை ஆசிரியை. ஒலிப்படம் விநாடிக்கு 24 ஃபிரேம் (தனித்தனிப் படச் சட்டம்) வேகத்தில் ஓடும். மெட்ரோனோமின் தட்டும் மாறாது. ஆகவே ஒரு தட்டுக்கு எத்தனை ஃபிரேம் என்று கணக்கிட்டுவிடலாம். மிக்கி பசுவின் பற்களைத் தட்டி வாசிக்கும் காட்சி தாளம் பிசகாமல் அமைந்தது இதனால்தான்.

நீங்களும் ஒரு நிமிடத்து ஃபிரேம்களான 1440-ஐ (24 × 60), பாட்டில் நிமிடத்துக்கு வரும் தட்டுகளால் வகுத்துப் பாருங்கள். 120 தட்டு என்றால் 12 ஃபிரேம், 90 என்றால் 16. உங்கள் பாட்டு 100 தட்டு என்று வைத்துக்கொள்வோம்: 14.4 வரும். பிள்ளைகள் 14 என்று வரைந்தால் முப்பதாவது தட்டில் படம் 12 ஃபிரேம், அதாவது அரை விநாடி முந்திவிடும். முழு எண் வரும் வேகத்தையே தேர்ந்தெடுங்கள். ஓர் ஓவியத்தை இரண்டு ஃபிரேமுக்குப் பிடிப்பவர்களுக்கு இரட்டைப்படை எண் நல்லது.

இவ்வளவு கணக்குப் போட்டும் நியூயார்க்கில் நடந்த முதல் ஒலிப்பதிவு வீணானது. இசை நடத்துநர் கார்ல் எடுவார்டால் வாத்தியக் குழுவைப் படத்தோடு இழுத்துப் பிடிக்க முடியவில்லை. பிறகு தாளத்துக்கேற்ப எம்பிக் குதிக்கும் பந்து ஒன்றைப் படப் பிரதியிலேயே பதித்தார்கள். அதைப் பார்த்துக் கோலசைத்ததும் இரண்டாவது பதிவு கைகூடியது. நவம்பர் 18 அன்று காலனி தியேட்டரில் படம் வெளியானது. உங்கள் வகுப்பில் யாராவது நேரடியாக வாசிப்பதாக இருந்தால், இந்தப் பந்தை அப்படியே எடுத்துக்கொள்ளலாம்.

பாட்டு முதலிலா, படம் முதலிலா என்பதில் டிஸ்னிக்கும் இசையமைப்பாளர் கார்ல் ஸ்டாலிங்குக்கும் இழுபறி இருந்தது. மிக்கி படங்களில் காட்சிக்கு இசை வளைந்துகொடுத்தது. 1929-இன் ‘தி ஸ்கெலிட்டன் டான்ஸ்’ தொடங்கிய வரிசையில் இசைக்குக் காட்சி வளைந்தது. புதிதாகக் கற்கும் பிள்ளைகளுக்கு நான் இரண்டாவதையே சொல்வேன். கடைசியில் ஓரிரு ஃபிரேம் பிசகு தெரிந்தால் ஒலியைச் சற்றுப் பின்னால் தள்ளுங்கள். அடி விழும் முன்பே சத்தம் கேட்பதுதான் கண்ணை அதிகம் உறுத்தும்.