இத்தாலியில் ஹாலிவுட் நடிகர்கள் டி நீரோவுக்கும் அல் பசினோவுக்கும் ஒரே குரல் எப்படி வந்தது?

அந்தக் குரல் ஃபெருச்சோ அமெந்தோலாவுடையது (1930–2001). வேற்றுமொழி நடிகரின் வசனத்தை உள்ளூர் மொழியில் பேசிப் பதிவுசெய்யும் டப்பிங் கலைஞர். டஸ்டின் ஹாஃப்மன், ஸ்டலோன் ஆகியோருக்கும் அவரே பேசினார்.

1930இல் முசோலினி அரசு வெளிமொழி வசனத்தைத் திரையில் தடைசெய்தது. டப்பிங் தொழிலாக வேரூன்ற அது ஒரு பெரிய காரணம். ஒரு நடிகருக்கு ஒரு குரல் பழகிவிட்டால் அதை மாற்றுவது ரசிகருக்கு உறுத்தும். ஆகவே அதே ஆளையே அழைப்பார்கள்.

டப்பிங்குக்காகப் படத்தைச் சிறு துண்டுகளாக வெட்டி ஓட்டுவார்கள். துண்டின் பெயர் 'அனெல்லோ', அதாவது வளையம். முன்பு ஃபிலிமை வளையமாக ஒட்டித் திரும்பத் திரும்ப ஓட்டியதால் வந்த பெயர். உதடு மூடும் ப, ம போன்ற எழுத்துகள் பிசகினால் உடனே தெரிந்துவிடும். அமெந்தோலா நான்கு பேருக்குத் துணி தைக்கும் ஒரே தையல்காரர் மாதிரி: கை ஒன்று, அளவு வேறு.

சிக்கல் 1995இல் வந்தது. 'ஹீட்' படத்தில் டி நீரோவும் பசினோவும் எதிரெதிரே உட்கார்ந்து பேச வேண்டும்! அமெந்தோலா டி நீரோவுக்குப் பேச, பசினோவுக்கு ஜான்கார்லோ ஜன்னினி பேசினார்.

ஸ்டலோன் நடித்த ராக்கி படங்கள் எல்லாவற்றிலும் அமெந்தோலாவே பேசினார் என்று பலர் நினைக்கிறார்கள். முதல் படத்தில் (1976) ஸ்டலோனுக்குப் பேசியவர் ஜீஜி புரொயெத்தி.