அனுமதி அவர்களிடம், விரிசல் எங்கள் சுவரில்

பினாங்கு ஜெலுத்தோங்கிலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார்: “எங்கள் தரை வீட்டை ஒட்டி அடுக்குமாடி எழும்புகிறது. இரண்டு மாதமாக, அடித்தளத் தூண்களை நிலத்தில் இறக்கும் பைலிங் வேலை நடக்கிறது. கூடத்துச் சுவரில் விரிசல் விட்டிருக்கிறது. கேட்டால் மாநகர் மன்ற அனுமதியைக் காட்டுகிறார்கள். எங்களுக்கு நோட்டீஸ்கூட வரவில்லை. இனி ஒன்றும் செய்ய முடியாதா?”

முடியும் அம்மா. இன்ன மனையில் இன்ன கட்டடம் எழுப்பலாம் என்பதோடு அந்த அனுமதி முடிந்துவிடுகிறது. உங்கள் சுவரைப் பிளக்க அது யாருக்கும் உரிமை தரவில்லை. இடையூறு, கவனக்குறைவு என்ற இரண்டு அடிப்படையிலும் மேம்பாட்டாளர்மீதும் கட்டுமானக் குத்தகையாளர்மீதும் வழக்குப் போடலாம். பக்கத்து நிலம் தரும் தாங்கலை இழந்து சரியாதிருக்கும் உரிமையைத் தேசிய நிலச் சட்டத்தின் 44ஆம் பிரிவும் உங்கள் நிலத்துக்குத் தருகிறது.

வழக்கறிஞரைத் தேடுமுன் ஒரு பென்சிலை எடுங்கள். விரிசலின் இரு முனைகளிலும் குறுக்கே ஒரு கோடு போட்டு, பக்கத்தில் தேதி எழுதுங்கள். ஸ்கேலை ஒட்டிவைத்துப் படம் எடுங்கள். வாரம் ஒருமுறை இதையே செய்யுங்கள். கோட்டைத் தாண்டி விரிசல் ஓடியிருந்தால், “பழைய வீடு, பழைய விரிசல்” என்ற வாதத்துக்கு அந்தப் படங்களே பதில். வேலை தொடங்குமுன் அக்கம்பக்க வீடுகளின் நிலையைப் பதிவு செய்யும் டைலாப்பிடேஷன் அறிக்கை எடுத்திருந்தால், அதன் நகலைக் கடிதம் எழுதிக் கேளுங்கள். வாய்மொழியாகக் கேட்டதை நீதிமன்றத்தில் நிரூபிப்பது கடினம். சொந்தச் செலவில் ஒரு கட்டமைப்புப் பொறியாளரையும் வரவழையுங்கள். இந்தச் செலவில் மட்டும் கஞ்சத்தனம் வேண்டாம்.

இனி நோட்டீஸ். பினாங்கில் 1976ஆம் ஆண்டின் நகர, கிராமத் திட்டமிடல் சட்டம்தான் நடப்பில் இருக்கிறது. எந்த நிலத்தில் என்ன கட்டலாம் என்று வகுக்கும் உள்ளூர்த் திட்டம் அமலில் இல்லாத இடத்தில், விண்ணப்பம் வந்ததும் அண்டை நில உரிமையாளர்களுக்கு மன்றம் அறிவிக்க வேண்டும். ஆட்சேபிக்க 21 நாள் உண்டு. ஆட்சேபித்தவர், முடிவு தெரிந்த ஒரு மாதத்துக்குள் மேல்முறையீட்டு வாரியத்துக்குப் போகலாம். ஆகவே, விண்ணப்பம் போன நாளில் உங்கள் பகுதிக்கு உள்ளூர்த் திட்டம் இருந்ததா என்று மன்றத்தில் முதலில் கேளுங்கள். வரவேண்டிய நோட்டீஸ் வரவில்லை என்றால், மன்றத்தின் முடிவு சட்டப்படி செல்லுமா என்று பார்க்கும் நீதிமுறை மறுஆய்வை உயர் நீதிமன்றத்தில் கோரலாம். அதற்குக் கெடு மூன்று மாதம். பைலிங்கிலேயே இரண்டு மாதம் ஓடிவிட்டதால் இந்த வாரமே வழக்கறிஞரைப் பாருங்கள்.

அனுமதியே செல்லாது என்று தீர்ப்பு வந்ததும் உண்டு. கோலாலம்பூர் தாமான் ரிம்பா கியாரா பூங்காவில் 2017இல் கொடுத்த மேம்பாட்டு அனுமதி செல்லாது என்று கூட்டரசு நீதிமன்றம் 2023 ஏப்ரல் 18இல் தீர்ப்பளித்தது. குடியிருப்பாளர்கள் ஆறு வருடம் போராட வேண்டியிருந்தது.

வீடு வாங்குவோர் தீர்ப்பாயத்துக்குப் போய் அலையாதீர்கள். அது மேம்பாட்டாளரிடம் வீடு வாங்கியவர்களுக்கானது. மன்றத்தின்மேல் இழப்பீட்டு வழக்குப் போடுவதையும் நான் பரிந்துரைக்கமாட்டேன். அடுக்குமாடி சரிந்து 48 உயிர்களைப் பலிகொண்ட ஹைலண்ட் டவர்ஸ் வழக்கிலேயே, சாலை, வடிகால், கட்டடச் சட்டத்தின் 95ஆம் பிரிவு ஊராட்சி மன்றத்தை இழப்பீட்டுப் பொறுப்பிலிருந்து காப்பாற்றியது. அந்தத் தீர்ப்பு எனக்கு இன்னும் உறுத்துகிறது. ஆனால் நடப்பில் இருக்கும் சட்டம் அது. மன்றத்திடம் எழுத்துமூலம் புகார் கொடுங்கள். அனுமதியின் நிபந்தனையை மீறினால் வேலையை நிறுத்தவைக்கும் அதிகாரம் அவர்களுக்கு உண்டு.

இழப்பீடு 1 லட்சம் ரிங்கிட் வரை என்றால் மாஜிஸ்திரேட் நீதிமன்றம், 10 லட்சம் வரை செஷன்ஸ். பொதுவாக ஆறு ஆண்டுக்குள் வழக்குப் போட வேண்டும். வேலையை நிறுத்தத் தடையுத்தரவு கேட்பதென்றால் யோசித்துச் செய்யுங்கள். கடைசியில் வழக்குத் தோற்றால், வேலை நின்ற நாட்களின் நட்டத்தை ஈடுகட்டுவேன் என்று நீங்கள் உறுதிமொழி தரவேண்டியிருக்கும்.

இன்னொன்று. சில ஆயிரம் ரிங்கிட்டோடு யாராவது வாசலில் வந்து நின்று, “முழுத் தீர்வு” என்று எழுதிய காகிதத்தை நீட்டலாம். பைலிங் முடிந்து, உங்கள் பொறியாளர் மறுபடி வந்து பார்க்கும்வரை அதில் கையெழுத்துப் போடாதீர்கள்.