வத்தலக்குண்டு பஸ்ஸில் வந்த செய்தி

கேள்வி: ஐயா, அமெரிக்காவில் '60 மினிட்ஸ்' என்ற செய்தி நிகழ்ச்சி அரை நூற்றாண்டு தாண்டியும் ஓடுகிறதாமே, அதில் அப்படி என்ன இருக்கிறது? நம் நாட்டில் அந்த மாதிரி எதுவும் வந்ததா? கொடைக்கானலில் டிவி ரிப்பேர் கடை வைத்திருந்தவர் நீங்கள் என்பதால் கேட்கிறேன்.
(கல்லூரி மாணவி, பெரியகுளம்)

பதில்: வந்தது அம்மா. முதலில் அமெரிக்கக் கதையைச் சொல்லிவிடுகிறேன்.

சிபிஎஸ் என்ற அமெரிக்க டிவி நிறுவனத்தில் டான் ஹெவிட் என்று ஒரு தயாரிப்பாளர். அந்தக் காலத்தில் அங்கே டிவி செய்தி என்றால், ராத்திரிச் செய்தியில் ஒரு விஷயத்துக்கு ஒன்றிரண்டு நிமிடம் கிடைக்கும். இல்லாவிட்டால் ஒரே விஷயத்தை ஒரு மணி நேரம் சொல்லும் ஆவணப்படம். நடுவே இடம் காலியாகக் கிடந்தது. 'லைஃப்' பத்திரிகையைப் புரட்டினால் ஒரு பக்கம் போர், இன்னொரு பக்கம் நடிகை, அடுத்து ஓர் ஊழல் என்று வருமே, அதை அப்படியே டிவிக்குக் கொண்டுவந்தார். 1968 செப்டம்பர் 24 அன்று முதல் நிகழ்ச்சி. ஹாரி ரீசனரும் மைக் வாலஸும் நடத்தினார்கள். ரீசனர் நிதானம், வாலஸ் சண்டைக்கோழி. ஏழு வருடம் யாரும் பெரிதாகச் சீண்டவில்லை. 1975 டிசம்பரில் ஞாயிறு மாலை ஏழு மணிக்கு மாற்றினார்கள். 1979-80இல் நாடகம், சிரிப்பு நிகழ்ச்சி எல்லாவற்றையும் முந்தி, அந்த நாட்டிலேயே அதிகம் பேர் பார்த்த நிகழ்ச்சியாக நின்றது.

பேட்டியில் பதில் சொல்பவரின் முகத்தைத் திரை நிறையக் காட்டுவார்கள். 1979 நவம்பரில் ஈரானுக்குப் போன வாலஸ், அந்த நாட்டுத் தலைவர் கோமேனியின் எதிரே உட்கார்ந்து, எகிப்து அதிபர் சதாத் உங்களைப் பைத்தியக்காரர் என்கிறாரே என்று கேட்டார். அமெரிக்கத் தூதரகத்தில் ஆட்களைப் பிணை பிடித்து வைத்திருந்த நேரம் அது! அந்தத் துணிச்சலுக்கு என் மனதில் தனி இடம் உண்டு.

இனி நம் கதை. இங்கே அப்போது டிவி மொத்தமும் அரசாங்கத்தின் தூர்தர்ஷன் கையில்தான் இருந்தது. தனியார் செய்தி ஒளிபரப்ப வழியே இருக்கவில்லை. இந்தியா டுடே குழுமம் ஒரு வழி கண்டுபிடித்தது. 1988இல் 'நியூஸ்டிராக்' என்று மாதம் ஒரு வீடியோ கேசட். நடத்தியவர் மது த்ரேஹன். கேசட்டை யாரும் வானில் ஏற்றுவதில்லையே! சினிமாவைப் போல சென்சார் சான்றிதழ் மட்டும் வாங்க வேண்டும்.

கொடைக்கானல் மூஞ்சிக்கல்லில் என் கடைக்குப் பக்கத்தில் ஒரு வீடியோ லைப்ரரி இருந்தது. சினிமா கேசட் மூட்டையோடு நியூஸ்டிராக்கும் வத்தலக்குண்டு பஸ்ஸில் மலையேறி வரும். மதுரைக்காரர்கள் பார்த்து முடித்து, நாடா தேய்ந்த பிறகுதான் எங்களுக்கு. ஹெட் (நாடாவைப் படிக்கும் பாகம்) சுத்தம் செய்ய, கேசட் ஓட்டும் பெட்டியான விசிஆரைக் கொண்டுவருகிறவர்கள் கேசட்டையும் கையோடு எடுத்து வருவார்கள், நான் போட்டுப் பார்த்துக் கொடுப்பேன். 1990இல் பிற்படுத்தப்பட்டோருக்கு மத்திய அரசு வேலையில் இடஒதுக்கீடு தரும் மண்டல் பரிந்துரையை எதிர்த்து டெல்லி மாணவர்கள் தீக்குளித்ததை அப்படித்தான் பார்த்தேன். தூர்தர்ஷன் செய்தியில் கேட்டதற்கும் அதற்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள தூரம். அன்று ராத்திரி எனக்குச் சோறு இறங்கவில்லை.

அதே 1988 நவம்பரில் தூர்தர்ஷனே ஒரு கதவைத் திறந்தது. பிரணாய் ராய் நடத்திய 'தி வேர்ல்ட் திஸ் வீக்', வெள்ளிக்கிழமை இரவு. என்டிடிவி தயாரிப்பு. வெளிநாட்டுச் செய்தி மட்டும்தான், உள்நாட்டைத் தொட அனுமதி இல்லை. எங்கள் ஊர் டவர் சிக்னல் திண்டுக்கல், மதுரையெல்லாம் போகும், ஆனால் பள்ளத்தில் இருக்கிற வீடுகளுக்கு மலையே மறைத்துவிடும். முகம் இரண்டு இரண்டாகத் தெரியும். அதனால் வெள்ளிக்கிழமை கடையை அடைக்க மாட்டேன். ரிப்பேருக்கு வந்த செட் எது ஓடுகிறதோ அதைத் தெருப் பக்கம் திருப்பி வைப்பேன். ஓய்வு பெற்ற வாத்தியார் ஒருவர் பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து, இங்கிலீஷைக் கேட்டுக் கேட்டுத் தமிழில் சொல்லுவார்.

பெர்லின் சுவரை உடைத்த வாரம், 1989 நவம்பர், நல்ல மழை. பூண்டு மூட்டை போட வந்த பூம்பாறைக்காரர் ஒருவர் கோணிச் சாக்கைத் தலையில் போட்டுக்கொண்டு கடைசி வரை நின்றார். "ஏன் சார், இடிக்கிறத காட்டுறான். கட்டுனது யாருன்னு சொல்லலையே?" என்று கேட்டார். வாத்தியாரும் தடுமாறிவிட்டார். மறு வெள்ளிக்கிழமை புத்தகத்தோடு வந்தார்: 1961இல் கிழக்கு ஜெர்மனி அரசு கட்டியது, தன் ஜனங்கள் மேற்கே ஓடிப்போகாமல் இருக்க. பூண்டுக்காரரும் பதில் கேட்கவே வந்திருந்தார். ஒரு கேள்வி ஏழு நாள் இரண்டு பேர் மனதிலும் கிடந்திருக்கிறது! இன்றைய இருபத்துநாலு மணி நேரச் சேனலில் அடுத்த செய்தி அதைத் தள்ளிவிட்டிருக்கும். வாரம் ஒரு முறை வருவதுதான் அந்த நிகழ்ச்சியின் பலம் என்று நான் உறுதியாக நம்புகிறேன். 1995இல் அது நின்றது.

கேள்வி: வீட்டில் பழைய நியூஸ்டிராக் கேசட் நாலு இருக்கிறது. நாடாவில் வெள்ளையாகப் பூஞ்சை. போட்டுப் பார்க்கலாமா?
(வாசகர், குன்னூர்)

பதில்: தயவுசெய்து போடாதீர்கள். பூஞ்சை ஹெட்டில் ஒட்டும், அடுத்துப் போடுகிற நல்ல கேசட்டுக்கும் பரவும், நாடாவும் அறுந்துபோகலாம். மற்ற கேசட்டுகளிலிருந்து பிரித்து, சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு காற்றுப் புகாத டப்பாவில் வையுங்கள். அடுப்புப் பக்கமோ வெயிலிலோ காய வைக்க வேண்டாம். நாடாவைச் சுத்தம் செய்து கணினியில் ஏற்றித் தருகிறவர்கள் கோவையில் கிடைத்தால் உடனே கொண்டுபோங்கள், அடுத்த மழைக்காலம் வரை தள்ளிப்போடாதீர்கள்.