பெரிய ரயில் நிறுவனம் விட்டுக்கொடுத்த பாதையை ஒரு சிறிய நிறுவனம் எப்படிக் கட்டுப்படியாக நடத்துகிறது?

அமெரிக்காவில் பெரிய நிறுவனங்கள் கழித்துவிட்ட சரக்குப் பாதைகளைச் சிறிய நிறுவனங்கள் எடுத்து ஓட்டுகின்றனவே, அது எப்படிக் கட்டுப்படியாகிறது என்று கேட்டிருக்கிறீர்கள். அப்படி ஒரு பாதையின் ஓரத்தில்தான் பதினோரு ஆண்டுகளாகக் குடியிருக்கிறேன். அதை வைத்தே சொல்கிறேன்.

எங்கள் ஊர் ராஜர்ஸ், ஆர்கன்சா மாநிலத்தின் வடமேற்கு மூலையில் இருக்கிறது. மென்பொருள் வேலைக்கு வந்த தமிழ்க் குடும்பங்கள் இங்கும் பக்கத்துப் பென்டன்வில்லிலும் நிறைய உண்டு. ஊர்ப் பெயரே ஒரு ரயில்வே மேலாளருடையது. ஃபிரிஸ்கோ என்று மக்கள் சுருக்கி அழைத்த ரயில்வே 1881இல் இங்கே தண்டவாளம் போட்டது. தெற்கே பாஸ்டன் மலையைக் குடைந்து, 1,702 அடி நீள வின்ஸ்லோ சுரங்கத்தை 1882இல் முடித்தது. இந்தப் பகுதியின் ஆப்பிள் அந்த வழியாகத்தான் வெளியூர்ச் சந்தைகளுக்குப் போனது.

1980இல் ஃபிரிஸ்கோ, பர்லிங்டன் நார்தர்ன் என்ற பெரிய நிறுவனத்தோடு இணைந்தது. அதே ஆண்டில் வந்த ஸ்டாகர்ஸ் சட்டம் ரயில் கட்டணங்களின் மீதிருந்த அரசுக் கட்டுப்பாட்டைத் தளர்த்தியது; வருமானம் குறைந்த பாதைகளைக் கைமாற்றுவதும் எளிதாயிற்று. நெடுந்தூரத்துக்கு நிலக்கரியையும் தானியத்தையும் முழு ரயிலாக இழுப்பவர்களுக்கு, மலைக்குள் வளைந்து போகும் இந்தப் பாதை ஒரு கிளை மட்டுமே. 1986 செப்டம்பர் 1 முதல் ஆர்கன்சா அண்ட் மிசூரி என்ற புது நிறுவனம் இதை நடத்துகிறது. மிசூரியின் மோனெட்டிலிருந்து ஃபோர்ட் ஸ்மித் வரை, மொத்தம் சுமார் 150 மைல். தலைமையகம் நடுவில், ஸ்பிரிங்டேலில்.

இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். ஸ்பிரிங்டேல் கோழி ஊர். நாமக்கல்காரர்களுக்கு இதற்கு மேல் விளக்க வேண்டியதில்லை. டைசன் நிறுவனத்தின் தலைமையகமும் அங்கேதான். கோழிக்குத் தீவனம் வேண்டும், தீவனத்துக்கு மக்காச்சோளமும் சோயாப் புண்ணாக்கும் வேண்டும். அவை மத்திய மேற்கு மாநிலங்களிலிருந்து பெரிய நிறுவனத்தின் ரயிலில் மோனெட் வரை வருகின்றன. அங்கே வேகன்களை வாங்கிக்கொண்டு, ஆலையின் சைடிங்கில், அதாவது ஆலைக்கென்று பிரியும் கிளைத் தண்டவாளத்தில், கொண்டுபோய் நிறுத்துவது சிறிய நிறுவனத்தின் வேலை. மொத்தக் கட்டணத்தில் தன் பங்கை அது வேகன் கணக்கில் பெறுகிறது. ஒரு தானிய வேகனில் ஏறக்குறைய 100 டன் ஏறும். அதைச் சாலையில் கொண்டுவர மூன்று நான்கு லாரிகள் தேவைப்படும்.

வாரத்துக்கு ஐந்தாறு வேகன் மட்டுமே வாங்கும் ஒரு காகித அல்லது பிளாஸ்டிக் வாடிக்கையாளருக்காக நூறு பெட்டி ரயிலை நிறுத்திப் பிரிப்பது பெரிய நிறுவனத்துக்குத் தொல்லை. சிறிய நிறுவனத்துக்கோ அவர்தான் பிழைப்பு. ஆலை மேலாளர் கூப்பிட்டால் ஸ்பிரிங்டேலிலேயே பதில் சொல்ல ஆள் இருக்கிறது. லாபத்தின் வேர் இந்த அண்மைதான் என்பது என் உறுதியான எண்ணம். தெற்கு முனையிலும் வேறு பெரிய ரயில்வேக்களோடு இணைப்பு இருப்பதால், ஒரே ஒருவரை நம்பி நிற்க வேண்டிய நிலையும் இல்லை.

இன்ஜின்களைப் பற்றிச் சொல்லாமல் விட மனமில்லை. நான் திருச்சி பொன்மலையில் வளர்ந்தவன். என் அப்பா டீசல் ஷெட்டில் ஃபிட்டராக இருந்தவர். இங்கே குடிவந்த முதல் வாரம், இரவில் அந்தத் தடதடப்பைக் கேட்டுப் படுக்கையை விட்டு எழுந்துவிட்டேன். ஆல்கோ! ரயில் இன்ஜின் செய்த பழைய அமெரிக்க நிறுவனம். நம் ஊரில் வாரணாசியில் உரிமம் பெற்றுத் தயாரித்த டீசல் இன்ஜின்களுக்குள் இருந்த அதே 251 வகை எந்திரம். நம்முடையதில் பதினாறு சிலிண்டர், இங்குள்ள சி420 ரக இன்ஜினில் பன்னிரண்டு. ஆல்கோ 1969இலேயே ரயில் இன்ஜின் தயாரிப்பை நிறுத்திவிட்டது. பிறர் கழித்தவற்றை இவர்கள் தேடி வாங்கினார்கள். எல்லாம் ஒரே இனம் என்பதால் உதிரிபாகங்களும் மெக்கானிக்குகளின் கைப்பழக்கமும் எல்லா இன்ஜின்களுக்கும் பொதுவாயின. பல ஆண்டுகள் முழுப்பாதையும் ஆல்கோக்களாலேயே ஓடியது. 2013இல்தான், மலையேற்றத்துக்காக 4,300 குதிரைத்திறன் கொண்ட மூன்று புது எஸ்டி70ஏசிஇ இன்ஜின்களை வாங்கினார்கள்.

இப்படிப்பட்ட நிறுவனங்களுக்கு நிரந்தரத் தலைவலி தண்டவாளம்தான். இன்றைய வேகன்கள் சரக்கோடு 2,86,000 பவுண்டு, அதாவது சுமார் 130 டன் எடை வரை இருக்கும். பழைய தண்டவாளமும் உளுத்த ஸ்லீப்பர் கட்டைகளும் மரப்பாலங்களும் அதைத் தாங்கா. இதற்காக 2005 முதல் மத்திய அரசு ஒரு வரிச்சலுகை தருகிறது. பராமரிப்புச் செலவில் ஒரு பகுதியை, மைலுக்கு 3,500 டாலர் என்ற உச்சவரம்புக்குள் வரியிலிருந்து கழித்துக்கொள்ளலாம். 2020இல் அதை நிரந்தரமாக்கினார்கள். நாடு முழுவதும் இருக்கும் சுமார் 600 சிறு ரயில்வேக்களுக்கு இது மிக நியாயமான உதவி. லாரிகளுக்கான சாலையை அரசு போடுகிறது. இவர்களோ தங்கள் பாதையைத் தாங்களே போட்டுக்கொள்கிறார்கள்.

சுற்றுலா ரயிலும் ஓட்டுகிறார்கள். ஸ்பிரிங்டேலிலிருந்து வான் பியூரன் போய்த் திரும்பும் ரயில் வின்ஸ்லோ சுரங்கத்தைக் கடந்து போகும். இந்தப் பக்கம் வந்தால் அக்டோபரில், மரங்கள் சிவக்கும்போது வாருங்கள். எம்மா அவென்யூ நிலையத்துக்குச் சற்று முன்னதாகவே போய்விடுங்கள். நேரம் அமைந்தால், தீவன ஆலைக்கு வேகன் தள்ளும் ஷண்டிங்கைப் பக்கத்திலேயே நின்று பார்க்கலாம்.