பதில்: பணிப்பெண் புகைபோக்கி வழியே பறக்கும் பழைய படம் எது? அது ஏன் இவ்வளவு வேகமாக ஓடுகிறது?

வணக்கம். அடுப்பில் மண்ணெண்ணெய் ஊற்றிய பணிப்பெண் வெடித்துப் புகைபோக்கி வழியே பறப்பதாக நீங்கள் விவரிக்கும் படம், பிரெஞ்சுத் திரைப்பட முன்னோடியான மெலியேஸ் எடுத்ததன்று. இங்கிலாந்தின் பிரைட்டன் வட்டாரத்தைச் சேர்ந்த ஜார்ஜ் ஆல்பர்ட் ஸ்மித் 1903இல் எடுத்த 'மேரி ஜேன்ஸ் மிஸ்ஹாப்'. பணிப்பெண்ணாக நடித்தவர் அவருடைய மனைவி லாரா பெய்லி.

வேகத்துக்குக் காரணம் நடிப்பு அன்று. அக்காலக் கேமராக்களைக் கையால் சுழற்றியதால் நொடிக்கு ஏறத்தாழ 16 சட்டகங்களே (தனித்தனி நிழற்படங்களே) பதிவாயின. அதை 24 சட்டக வேகத்தில் ஓட்டும்போது எல்லாரும் ஓடுவதுபோலத் தெரிகிறது. உங்கள் காணொளி இயக்கியில் வேகத்தை 0.65 மடங்காகக் குறைத்து, பணிப்பெண் நடப்பது இயல்பாகத் தோன்றும்வரை சிறிது சிறிதாகத் திருத்துங்கள், ஏனெனில் கைச்சுழற்சி எப்போதும் ஒரே சீராக இருந்ததில்லை.

அப்படிப் பார்த்தால்தான், காலணி மையால் முகத்தில் மீசை விழுந்ததைக் கண்டு அவர் நம்மை நோக்கிக் கண்சிமிட்டும் அண்மைக்காட்சியின் அழகு புலப்படும். முழு அறைக்காட்சிக்கும் அண்மைக்காட்சிக்கும் இடையே மாறி மாறிச் சென்று நகைச்சுவையைக் கட்டியெழுப்புவதை அத்தனை தொடக்க காலத்திலேயே ஸ்மித் செய்திருப்பது எனக்கு இன்றும் வியப்பளிக்கிறது. வெடிப்புக்குப் பின் வரும் கல்லறைக் காட்சியைத் தவறவிடாதீர்கள்.