தமிழ்நாட்டுப் பட்டத்தைத் தில்லி ஆசிரியர் வேலைக்கு ஏற்க மறுத்தால் வழக்குப் போட்டு ஜெயிக்க முடியுமா?

கேட்டவர் தமிழ்நாட்டில் பட்டமும் பி.எட்.டும் முடித்தவர். தில்லி அரசுப் பள்ளி டிஜிடி (பட்டதாரி ஆசிரியர்) தேர்வில் மார்க் வந்தும், சான்றிதழ் சரிபார்ப்பில் தகுதியில்லை என்று தள்ளிவிட்டார்களாம்.

ஜெயிக்கலாம், ஆனால் எதைச் சொல்லித் தள்ளினார்கள் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. நிராகரிப்புப் பட்டியலில் உங்கள் ரோல் நம்பருக்கு நேரே ஒரு வரி காரணம் போட்டிருப்பார்கள், முதலில் அதைப் பாருங்கள்.

காரணம் தேதி என்றால் ஆசையை விட்டுவிடுங்கள். இதே தில்லியில் சமஸ்கிருத டிஜிடி வேலைக்கு விண்ணப்பித்த ஒருவருக்கு நடந்தது இது: கடைசி நாள் 2007 அக்டோபர் 29, அவருடைய பி.எட். ரிசல்ட் வந்தது 2008 ஜனவரி 28. வேலையில் சேர்ந்த பிறகும் நீக்கினார்கள், 2013இல் உச்ச நீதிமன்றமும் அதைச் சரி என்றது. பரீட்சை முன்பே எழுதிவிட்டேன், ரிசல்ட்தான் லேட் என்ற வாதம் எடுபடவில்லை. நம் ஊர்ப் பல்கலைக்கழகங்கள் ரிசல்ட் விடும் வேகம் தெரிந்ததுதானே, அதனால் நம்மவர்கள் இதில் நிறையவே மாட்டுகிறார்கள்.

தொடக்கப்பள்ளி வேலைக்கு பி.எட்.டை வைத்து விண்ணப்பித்தவர்களும் பணத்தைக் கரைக்க வேண்டாம். அதை அனுமதித்த 2018 அறிவிக்கை செல்லாது என்று உச்ச நீதிமன்றத்தின் 2023 ஆகஸ்ட் 11 தீர்ப்பிலேயே முடிந்துவிட்டது. அதற்கு முன் பணியில் சேர்ந்தவர்களுக்குத்தான் பாதுகாப்பு.

"என் பல்கலைக்கழகத்துக்கு யுஜிசி அங்கீகாரம் இருக்கே, அப்புறம் என்ன?" என்று எல்லோரும் கேட்கிறார்கள். அது மட்டும் போதாது. அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் திறந்தநிலை எம்.ஏ. முடித்த ஒருவர் அமிர்தசரஸில் சட்டப் படிப்புக்குப் போன வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது, இணைத்தன்மையை (ஒரு பட்டம் இன்னொன்றுக்குச் சமம் என்பதை) ஊகித்துக்கொள்ள முடியாது, அதற்கென்று தனி உத்தரவோ தீர்மானமோ இருக்க வேண்டும் என்று. இந்தப் பட்டமும் அந்தப் பட்டமும் ஒன்றுதானா என்று நீதிபதி உட்கார்ந்து பாடத்திட்டத்தை ஒப்பிட மாட்டார்.

உண்மையில் சண்டை போட இடம் இருப்பது பாடக் கணக்கில். வடக்கே மூன்று பாடங்களைச் சமமாகப் படிக்கும் பி.எஸ்சி. உண்டு, நமக்கோ ஒரே மேஜர், மற்றதெல்லாம் அலைடு. கணித ஆசிரியர் வேலைக்குக் கணிதத்தை முழுப் படிப்புக் காலமும் படித்திருக்க வேண்டும் என்று விளம்பரம் தெளிவாகச் சொன்னால் பிசிக்ஸ் மேஜர்காரருக்கு வழியில்லை. தெளிவில்லாமல் இருந்தாலோ, எத்தனை செமஸ்டர் படித்தார் என்று பல்கலைக்கழகம் கொடுத்த கடிதத்தைப் பார்க்காமலே தள்ளியிருந்தாலோ, மறுபடி பரிசீலியுங்கள் என்ற உத்தரவு கிடைக்க வாய்ப்பு உண்டு. மயூர் விஹாரில் எங்கள் பக்கத்து வீட்டு அக்காவுக்கு ஒரு தேர்வில் அந்தக் கடிதம்தான் கைகொடுத்தது, கோர்ட் வரைக்கும்கூடப் போகவில்லை. (தமிழ்நாடு டெட் பாஸ், ஆனால் சிடெட் எனும் மத்திய ஆசிரியர் தகுதித் தேர்வு இல்லை என்றால் இங்கே வாதாடவே ஒன்றும் கிடையாது.)

தில்லி அரசு வேலை என்பதால் நேராக ஹைகோர்ட்டுக்கு ஓடாதீர்கள். முதலில் கோபர்நிகஸ் மார்க்கில் இருக்கும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம், அங்கே தோற்றால்தான் ஹைகோர்ட். மனுக் கட்டணம் வெறும் 50 ரூபாய், வக்கீல் ஃபீஸ்தான் கடிக்கும். ஒரு வருடத்துக்குள் போட வேண்டும். துறைக்கு மனுமேல் மனு அனுப்பிக்கொண்டிருந்தால் அந்தக் கெடு நீளாது. போட்டதும் உங்களுக்காக ஒரு இடத்தைக் காலியாக வைக்கும்படி இடைக்கால உத்தரவு கேளுங்கள், ஏனென்றால் எல்லா இடமும் நிரம்பிவிட்டால் உள்ளே போனவர்களையும் எதிர்த்தரப்பாகச் சேர்க்க வேண்டியிருக்கும், வழக்கு ஜவ்வாக இழுக்கும்.