யார் நடிக்கிறார்கள்?

கேள்வி: துருக்கி இயக்குநர் பெலின் எஸ்மர், தன் உறவினர் மித்ஹத் எஸ்மரை வைத்து முதலில் ஆவணப்படம் எடுத்தார். பிறகு அதே மனிதரை அதே பெயரில் நடிக்கவைத்துக் கதைப்படமும் எடுத்தார். உண்மையையும் கற்பனையையும் இப்படிக் கலப்பது பார்வையாளரை ஏமாற்றுவது ஆகாதா?
– ஒரு வாசகர், கும்பகோணம்

பதில்: பாலில் தண்ணீர் ஊற்றியவரைப் பிடித்துவிட்டது போலக் கேட்கிறீர்கள். எஸ்மர் எதையும் மறைக்கவில்லையே! 2002இல் வந்த 'சேகரிப்பாளர்' ஆவணப்படம். 2009இல் வந்த 'பதினொன்றுக்குப் பத்து' கதைப்படம். அப்படிச் சொல்லித்தான் இரண்டையும் திரையிட்டார். 'உண்மைச் சம்பவம்' என்று முதலில் எழுத்துப் போட்டுவிட்டு இஷ்டத்துக்குக் கதை விடுகிறவர்களிடம் கேட்க வேண்டிய கேள்வி இது.

சரி, கதைப்படத்துக்கு வருவோம். இஸ்தான்புல்லில் ஒரு பழைய அடுக்குமாடிக் கட்டடம். நிலநடுக்கம் வந்தால் தாங்காது, இடித்துக் கட்டலாம் என்கிறார்கள் குடியிருப்பவர்கள். 1999 நிலநடுக்கத்தில் 17,000 பேருக்கு மேல் செத்த நாடு அது. அவர்கள் பயப்படுவதில் தப்பே இல்லை. மித்ஹத் பே ('பே' என்பது நம் 'ஐயா' போல அங்கே ஒரு மரியாதைச் சொல்) மட்டும் மாட்டேன் என்கிறார். பல பத்தாண்டுகளாகச் சேர்த்த செய்தித்தாள்களை எங்கே கொண்டுபோய் வைப்பார்? இந்தத் தகராறு எஸ்மர் கட்டிய கதை. ஆவணப்படம் எடுப்பவர் கட்டடம் இடியட்டும் என்று காத்திருக்க முடியாது, படத்துக்காக இடிக்கவும் முடியாது. அந்தப் பிடிவாதம் மட்டும் மித்ஹத்தின் சொந்தச் சரக்கு. எதிரே காவலாளி அலியாக வருபவர் நெஜாத் இஷ்லர், அங்கே பெயர்பெற்ற தொழில்முறை நடிகர். நடிப்பே தொழிலாக உள்ளவரும் தன்னையே நடிப்பவரும் ஒரே சட்டகத்தில் நிற்கிறார்கள்.

இன்னொன்று. மித்ஹத் பே தேடி அலைவது 'இஸ்தான்புல் கலைக்களஞ்சிய'த்தின் 11ஆம் தொகுதியை. இது திரைக்கதைக்காக யோசித்தது என்றுதான் தோன்றும். இல்லை. ரெஷாத் எக்ரெம் கொச்சு என்பவர் அந்த நகரத்தை அகரவரிசையில் எழுதி முடிக்க உட்கார்ந்தார். 1973இல் 11ஆம் தொகுதியில், 'ஜி' (G) எழுத்தோடு நின்றுபோனது. முடியாத நூலின் கடைசித் தொகுதி அது.

நடுவில் 2005இல் 'நாடகம்' என்றொரு படம். மெர்சின் மாகாணத்தில் அர்ஸ்லான்கோய் என்ற மலைக்கிராமம். வீட்டு வேலை, காட்டு வேலை எல்லாம் பார்க்கும் ஒன்பது பெண்கள் தங்கள் வாழ்க்கையையே நாடகமாக எழுதி மேடையேற்றுகிறார்கள். ஆண் வேடத்தையும் அவர்களே கட்டுகிறார்கள். உங்கள் கணக்கில் இது சுத்தமான ஆவணப்படம்தான். ஆனால் படம் நெடுக ஒத்திகை, வேடம், வசனம்!

அதே பெண்கள் ஷேக்ஸ்பியரின் லியர் அரசன் கதையைத் தூக்கிக்கொண்டு மலைக்கிராமங்களுக்குப் போவதை 2019இல் 'ராணி லியர்' என்ற ஆவணப்படமாக எடுத்தார். அதைப் பாருங்கள். எந்தக் காட்சியில் அவர்கள் நடிக்கிறார்கள், எதில் நடிக்கவில்லை என்று பிரித்து எழுதி அனுப்புங்கள். இந்தப் பக்கத்திலேயே போடுகிறேன்.